பெயர் சொல்லும் முறை

திருப்பூர்
27.10.2025

அன்புள்ள முனியசாமி அண்ணனுக்கு, தங்கை மாடத்தி எழுதுவது.

இங்கே நாங்கள் ஏதோ இருக்கிறோம். அங்கே உன் உடம்பு எப்படி, என்ன சாப்பிடுகிறாய், யார் சமைத்துத் தருகிறார்கள் என்று விவரமாக எழுது. நல்லா இருக்கேன் என்று ஒற்றை வரியில் எழுதினால் அந்தக் கடிதத்தை அப்படியே திருப்பி அனுப்பிவிடுவேன்.

உனக்குப் போன் போட்டால் எடுத்து, "யாரு, யாரு" என்று கத்திவிட்டு வைத்துவிடுகிறாய். போன தடவை நான், "மாடத்திண்ணே, மாடத்தி பேசுறேன்" என்று பதிலுக்குக் கத்தியதில் பக்கத்து வீட்டுக்காரம்மா என்னமோ ஏதோ என்று ஓடி வந்துவிட்டாள். அதனால்தான் மகனிடம் கடித உறை வாங்கி வரச் சொன்னேன். தபாலாபீஸ் எங்கே இருக்கிறது என்று அவனுக்குத் தெரியவில்லை. இத்தனைக்கும் தினமும் அந்த வழியாகத்தான் பனியன் கம்பெனிக்குப் போகிறான்.

என் வீட்டுக்காரர், உன் மாப்பிள்ளை, இன்னும் எழுந்து நடக்கவில்லை. மாடிப்படியில் விழுந்த இடுப்பு, மெல்லத்தான் சேரும் என்கிறார்கள். அவரைப் புரட்டிப் படுக்க வைக்க ஆள் இல்லாமல்தான் உன் மகள் பானுவின் கருமாதிக்குக்கூட என்னால் வர முடியவில்லை. எடுத்த அன்றைக்கு வந்தேன், கம்பெனி வெடியில் கருகிய முகத்தை மூடிக் கட்டியிருந்தார்கள், பார்க்காமலே திரும்பினேன். அது என் மனதில் கிடந்து அறுக்கிறது. தீபாவளிக்கு இங்கே தெரு முழுக்க வெடி. காலிப் பெட்டி ஒன்று வாசலில் வந்து விழுந்தது. எந்தக் கம்பெனி என்று திருப்பிப் பார்க்கவில்லை. பானு கை ஒட்டிய லேபிளாக இருந்தால் என்ன செய்வேன்.

முத்துப்பாண்டி போன் பண்ணினான். "மாமா உடுக்கைய ஆணியில இருந்து எடுக்கவே மாட்டேங்கிறாக சின்னம்மா, மாசிக்கு என்ன செய்யப் போறாகன்னு தெரியல" என்றான். கட்டிய பானுவைப் பறிகொடுத்த பிள்ளை, அவன் எனக்கு ஆறுதல் சொல்கிறான்.

சிவராத்திரிக்கு மறுநாள் உச்சிப் பூசையில் குலசாமி வீரம்மா கோயிலில் நீ உடுக்கை அடித்து, அகாலத்தில் போன நம் வகையறாக்காரர்களை ஒவ்வொருவராகப் பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும். கூப்பிடாதவர்களுக்குப் படையலில் பங்கு இல்லை, ஊர் எல்லையிலேயே நிற்பார்கள் என்று நீதானே எல்லாருக்கும் சொல்வாய். வருகிற மாசியில் பானு பெயரும் சேர வேண்டும். என்ன ஏற்பாடு என்று எழுது.

உன் தங்கை,
மாடத்தி


வீரம்மா துணை
மேலச்சுரைப்பட்டி, வெம்பக்கோட்டை வழி
9.11.2025

தங்கை மாடத்திக்கு முனியசாமி எழுதுவது. கடிதம் கிடைத்தது. மாப்பிள்ளைக்கு இடுப்பு சேர வீரம்மாவை வேண்டிக்கொண்டேன். அவரைக் கோபப்படுத்தாமல் பார்த்துக்கொள். உன் வாய் எனக்குத் தெரியும்.

நீ கேட்ட விவரம். சோறு நானே பொங்குகிறேன். முத்துப்பாண்டி சாயங்காலம் குழம்பு கொண்டுவருவான். முகாமில் கொடுத்த காது மெஷினை மாட்டினால் மாவு மில்லுக்குள் நிற்பது போல இருக்கிறது. கழற்றி டப்பாவில் போட்டுவிட்டேன். கம்பெனியில் என்னை நிறுத்திவிட்டார்கள். காது கேட்காத வாட்ச்மேனை வைத்து என்ன செய்வார்கள், அவர்கள் மேல் தப்பு இல்லை. பேச வருகிறவர்களுக்கு ஒரு சிலேட்டு வைத்திருக்கிறேன். அதில் ஒரு நன்மை, எழுதச் சோம்பல்பட்டுப் பாதிப்பேர் வருவதில்லை. அணையில் தண்ணீர் பரவாயில்லை. வாசல் முருங்கை பூத்திருக்கிறது. அதற்கு நான் தண்ணீர் ஊற்றுவது இல்லை, மழை பார்த்துக்கொள்கிறது.

உடுக்கையை எடுக்காதது உண்மைதான். இந்த வருடம் நான் கூப்பிடுவதாக இல்லை. வரத்துப் பாட்டுப் பாடிச் சாமியை அழைக்கிறவனுக்குத் தன் குரல் தனக்குக் கேட்க வேண்டும். குரல் எந்த இடத்தில் இறங்குகிறது, சாமியாடி எந்த இடத்தில் மூச்சு வாங்குகிறார் என்று காதுதான் சொல்லும். இப்போது நான் பாடினால் அது பாட்டா கூச்சலா என்று எனக்கே தெரியாது.

பாண்டிமுருகன் மைக்செட் வாடகைக்கு விடுகிறான் அல்லவா, அவன் வந்து சிலேட்டில் எழுதினான். "மாமா, போன மாசியில நீங்க பாடுனது என் போன்ல இருக்கு. ஸ்பீக்கர்ல போட்டா சாத்தூர் வரைக்கும் கேக்கும். நீங்க சும்மா நின்னாப் போதும்." போன மாசிப் பாட்டில் போன மாசி வரைக்கும் உள்ள பெயர்தான் இருக்கும் என்று சொல்லி அனுப்பிவிட்டேன். இந்த வருடம் ஒரு பெயர் கூடுகிறது. அதைப் போன் எப்படிச் சொல்லும்.

அதனால் நீ வர வேண்டும். வந்து நீ கூப்பிட வேண்டும். உனக்கு வரத்து முழுவதும் தெரியும் என்பது எனக்குத் தெரியும். யோசித்து எழுது.

முனியசாமி


திருப்பூர்
20.11.2025

அன்புள்ள அண்ணனுக்கு மாடத்தி எழுதுவது. உன் கடிதம் வந்தது, சுகம் அறிந்தேன். மாப்பிள்ளை இப்போது உட்காருகிறார். உட்கார்ந்ததும் முதல் வேலையாகக் காபியில் சர்க்கரை இல்லை என்றார். குணமாகிவிடுவார் என்று தைரியம் வந்துவிட்டது.

கோயில் விஷயத்துக்கு வருகிறேன். உனக்குக் காதோடு புத்தியும் போய்விட்டதா. நான் பொம்பளை. கட்டிக்கொடுத்து வேறு வீட்டுக்குப் போனவள். பிறந்த வீட்டுச் சாமியை நான் போய்க் கூப்பிட்டால் ஊர் சும்மா இருக்குமா. முத்துமாரியம்மாள் ஒருத்தி போதும், வைகை ஆற்றுக்கு அந்தப் பக்கம் வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்த்துவிடுவாள்.

வரத்து எனக்குத் தெரியும்தான், இல்லை என்று சொல்லவில்லை. அப்பா உனக்குச் சொல்லிக்கொடுத்தபோது நான் பின்னால் உட்கார்ந்து புளி தட்டிக்கொண்டிருந்தேன். நீ தப்பு விட்ட இடத்தில் எல்லாம் என் வாய் முந்திக்கொண்டு வரும். அப்பா புளியங்கொட்டையை எடுத்து என் மேல் எறிவார். தப்பு விட்டவன் நீ, அடி எனக்கு. ஆனால் புளி தட்டும் இடத்தில் முணுமுணுப்பது வேறு, கோயில் வாசலில் நின்று பாடுவது வேறு. எனக்குப் பயமாக இருக்கிறது. வகையறாவில் ஆம்பளைகளுக்கா பஞ்சம்.

இன்னொன்று. உன் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். முருங்கை பூத்ததை எழுதியிருக்கிறாய், காது மெஷினை எழுதியிருக்கிறாய். பானு பெயர் ஓர் இடத்தில்கூட இல்லை. ஒரு பெயர் கூடுகிறது என்று யாரோ ஊரான் வீட்டுப் பிள்ளையைச் சொல்கிறது போல எழுதியிருக்கிறாய். அந்த முருங்கைக் கொம்பை நட்டது யார் என்றாவது எழுதியிருக்கலாம்.

சாப்பாட்டைக் குறைக்காதே. பதில் போடு.

மாடத்தி


வீரம்மா துணை
மேலச்சுரைப்பட்டி
4.12.2025

தங்கை மாடத்திக்கு முனியசாமி எழுதுவது. எனக்குச் சளி பிடித்து விட்டது, வேறு குறை இல்லை. மாப்பிள்ளை உட்காருவது கேட்டு சந்தோஷம்.

நீ கேட்டதற்கெல்லாம் முறைப்படி பதில் சொல்கிறேன். கோயில் முறை தெரிந்தவன் இந்த ஊரில் நான்தான், முத்துமாரியம்மாள் இல்லை.

வீரம்மா யார்? நம் வகையறாப் பெண். உன்னைப் போல வெளியூருக்குக் கட்டிக்கொடுத்தவள். பஞ்சத்தில் மடியில் விதைச் சோளத்தை முடிந்துகொண்டு பிறந்த வீட்டைப் பார்த்து நடந்து வந்தாள். கண்மாய்க் கரையில் விழுந்து செத்தாள். கண்டெடுத்தவர்களுக்கு அவள் யார் வீட்டுப் பெண் என்று தெரியவில்லை, பெயர் தெரியாமலே புதைத்தார்கள். மழை இல்லை. கடைசியில் அவள் அண்ணன் கேள்விப்பட்டு, கரையில் நின்று பெயர் சொல்லிக் கூப்பிட்டான். அன்றைக்குத்தான் மழை. பெயர் சொல்வது அதிலிருந்து வந்தது. கட்டிக்கொடுத்த பெண்ணைக் கும்பிடுகிற கோயிலில் கட்டிக்கொடுத்த பெண் பாடக் கூடாது என்று யார் சொல்ல முடியும். வகையறாக் கூட்டத்தில் இதையே சொன்னேன். யாரும் எதிர்த்துப் பேசவில்லை. பேசியிருந்தாலும் எனக்குக் கேட்டிருக்காது.

இனி நீ செய்ய வேண்டியது. கார்த்திகை கழிந்ததும் கவுச்சியை விட்டுவிடு. வரத்தைக் காகிதத்தில் எழுதாதே, அது வாய்க்கு வாய்தான் போக வேண்டும். கிழக்கே பார்த்து நின்று பாடு. குரலை வயிற்றிலிருந்து எடு, தொண்டையிலிருந்து எடுத்தால் பாதியில் கட்டிவிடும். ஒவ்வொரு பெயரையும் சொல்லிவிட்டு நிறுத்து. நான் உடுக்கையில் மூன்று தட்டுத் தட்டுவேன், பொம்பளைகள் குலவை போடுவார்கள், அதற்குப் பிறகு அடுத்த பெயர். அவசரப்படாதே. வருகிறவர்கள் வந்து உட்கார வேண்டும். நம் இருளப்பன் அண்ணன் பெயரோடு பழைய பெயர்கள் முடியும். அங்கே நன்றாக மூச்சு வாங்கிக்கொள். அதற்கு அடுத்தது புதுப் பெயர்.

அந்தப் பெயரை நான் எழுதவில்லை என்று குறைப்பட்டிருந்தாய். செத்தவர்கள் பெயரை முதல் படையலுக்கு முன் எழுதுவது முறை இல்லை. அதோடு, பெற்றவன் தன் பிள்ளையைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதும் நம் கோயிலில் முறை இல்லை. ஆகவே காது நன்றாக இருந்தாலும் இந்த வருடம் நான் கூப்பிட முடியாது. நீதான் வர வேண்டும்.

முனியசாமி


திருப்பூர்
15.12.2025

அன்புள்ள அண்ணனுக்கு,

சளிக்குத் தூதுவளை ரசம் வை. பூண்டு நிறையப் போடு.

உன் கடிதத்தைப் படித்தேன். எழுதலாமா வேண்டாமா என்று யோசித்தேன். எழுதாமல் இருந்தால் நான் மாடத்தி இல்லை.

இருளப்பன் அண்ணன் தீப்பெட்டி ஆபீஸ் தீயில் போனபோது உடுக்கை அடித்தது யார்? அப்பா. அந்த மாசியில் இருளப்பன் என்று கூப்பிட்டது யார்? அப்பா. நான் பக்கத்தில் தேங்காய்த் தட்டைப் பிடித்துக்கொண்டு நின்றேன். "ஏலே இருளப்பா, வாலே, வந்து உக்காரு" என்றார். வரத்தில் அந்த வரி கிடையாது, அவர் வாயில் அப்படி வந்தது. அம்மா மண்ணில் விழுந்து புரண்டாள். நீயும் அங்கேதான் நின்றாய், கற்பூரம் உன் கையில் இருந்தது. பெற்றவன் கூப்பிடக் கூடாது என்று ஒரு முறை இருந்தால், அப்பா முறை தப்பியவரா?

நம் கோயிலில் அப்படி ஒரு முறை இல்லை அண்ணே. நீ கட்டிய முறை அது. பாண்டிமுருகன் சடங்கைச் சுருக்கப் பார்த்தபோது எப்படி விரட்டினாய். இன்னாருக்கு வசதி என்று சாமி காரியத்தில் ஒரு சொல்லைக் கூட்டக் கூடாது, ஒரு சொல்லைக் குறைக்கக் கூடாது என்று எனக்கே எத்தனை தடவை சொல்லியிருப்பாய்.

காதும் காரணம் இல்லை. உனக்கு வரத்து நாக்கில் இருக்கிறது. கும்மிருட்டில் வீட்டுக்குள் நடக்கிறவன் போல நீ அதில் நடப்பாய். உன்னால் சொல்ல முடியாதது ஒரே ஒரு பெயர். அதை முறை என்று எழுதாமல், முடியவில்லை தங்கச்சி என்று எழுதியிருந்தால், நான் அன்றைக்கே பஸ் ஏறியிருப்பேன்.

கோபப்படு, பரவாயில்லை. பதில் மட்டும் போடு.

மாடத்தி


மேலச்சுரைப்பட்டி
8.1.2026

மரியாதைக்குரிய சின்னம்மாவுக்கு முத்துப்பாண்டி எழுதுவது. சித்தப்பா சுகமா. இங்கே நானும் மாமாவும் இருக்கிறோம்.

நான் கடிதம் எழுதிப் பழக்கம் இல்லாதவன். போனில் பேசினால் அழுகை வந்துவிடும் என்றுதான் எழுதுகிறேன், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளவும். உங்கள் கடிதத்துக்கு மாமா பதில் போடவில்லை என்று அன்று போனில் வருத்தப்பட்டீர்கள். கடிதம் வந்ததும் படித்தார். மடித்து வீரம்மா படத்துக்குப் பின்னால் வைத்தார்.

நான் கண்டதைச் சொல்கிறேன். ஒரு நாள் மத்தியானம் உடுக்கையை எடுத்துக்கொண்டு தனியே கோயிலுக்குப் போனார். நான் பின்னால் போனேன், அவருக்குத்தான் கேட்காதே. கிழக்கே பார்த்து நின்று முதலில் இருந்து பாடினார். சின்னம்மா, ஒரு சொல் பிசகவில்லை. குரல் மட்டும் முன்னைவிட உரக்க இருந்தது. எல்லாப் பெயரையும் சொன்னார். இருளப்பன் மாமா பெயரும் வந்தது. மூன்று தட்டுத் தட்டினார். அதற்கப்புறம் வாயைத் திறந்தார், சத்தம் வரவில்லை. திரும்பவும் முதலில் இருந்து பாடினார், திரும்பவும் அங்கேயே நின்றது. உடுக்கையைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்துவிட்டார்.

பாண்டிமுருகன் பாட்டைப் போட்டுவிடலாம் என்று சொன்னபோது எனக்கும் அது சரி என்றுதான் பட்டது, மாமாவை ஏன் வதைக்க வேண்டும் என்று. அப்புறம் யோசித்தேன். பானுப்பிரியா நேரத்துக்குச் சாப்பிடாவிட்டால் தலைவலி வந்து சுருண்டுவிடுவாள். எல்லாருக்கும் இலை போட்டு அவளுக்கு மட்டும் போடாமல் விட எனக்கு மனம் வரவில்லை. விபத்துக்கு அப்புறம் மூடிய கம்பெனி திறந்து ரொம்ப நாள் ஆகிறது, போர்மேன் தினமும் ஆள் அனுப்புகிறார். அவளைக் கூப்பிட்டு அவள் பங்கை வைத்த பிறகுதான் நான் அந்த வாசலை மிதிப்பேன் என்று சொல்லிவிட்டேன்.

நீங்கள் வாருங்கள் சின்னம்மா. மாமா கூப்பிட்டாலும் கூப்பிடாவிட்டாலும் வாருங்கள்.

இப்படிக்கு,
முத்துப்பாண்டி


வீரம்மா துணை
மேலச்சுரைப்பட்டி
20.1.2026

தங்கை மாடத்திக்கு முனியசாமி எழுதுவது. பொங்கல் நல்லபடியாகப் போனதா. இங்கே தீட்டு வீடு, பொங்கல் வைக்கவில்லை. சளி போய்விட்டது. தூதுவளை கிடைக்கவில்லை, மிளகு தட்டிப் போட்டேன்.

நீ எழுதியது சரி. அப்பா கூப்பிட்டார். கற்பூரம் என் கையில்தான் இருந்தது. அப்படி ஒரு முறை கிடையாது. முடியவில்லை என்று எழுதப் பேனா வரவில்லை, முறை என்று எழுத வந்தது. கோயிலில் போய் விழுந்து எழுந்தேன். கூட்டத்திலும் சொல்லிவிட்டேன், பெற்றவன் கூப்பிடலாம், நான் சொன்னது தப்பு என்று. எல்லாரும் தலையை ஆட்டினார்கள். முத்துமாரியம்மாள் சிலேட்டை வாங்கி, "அண்ணே, ஒங்களால முடிஞ்சதச் செய்ங்க, மிச்சத்த நாங்க பாத்துக்கிடுதோம்" என்று எழுதினாள். அவளைப் பற்றி நீ எழுதியதை நான் யாரிடமும் காட்டவில்லை.

முடியவில்லை தங்கச்சி. இப்போது எழுதிவிட்டேன். வா.

நீ கூப்பிடு, நான் உடுக்கை அடிக்கிறேன். உன் வாயைப் பார்த்துக்கொண்டே அடிப்பேன். நீ பெயரைச் சொல்லி நிறுத்துவது எனக்குத் தெரியும், கை தானாகத் தட்டிவிடும். அந்தப் பெயர் வரும்போது மட்டும் உன் முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொள். நான் பார்க்க வேண்டாம். பொம்பளைகள் குலவை போட வாயில் கை வைப்பார்கள், அதைப் பார்த்து மூன்று தட்டுத் தட்டிவிடுகிறேன். அது போதும்.

மாப்பிள்ளையைத் தனியே விட்டுவிட்டு வராதே. ஏற்பாடு செய்துவிட்டு வா.

முனியசாமி


திருப்பூர்
2.2.2026

அன்புள்ள அண்ணனுக்கு மாடத்தி எழுதுவது. உன் கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு நன்றாக அழுதேன். மாப்பிள்ளை பயந்துபோய், யாருக்கு என்ன என்று கேட்டார். படித்துக் காட்டினேன். "நீ மொதல்ல கெளம்பு, நான் ஒண்ணும் கொழந்தை இல்ல" என்றார். இப்போது கம்பு ஊன்றி வாசல் வரைக்கும் நடக்கிறார். மகன் லீவு போட்டு வீட்டில் இருக்கிறேன் என்கிறான். ஆர்டர் நெருக்கடியான சமயம், இருந்தும் தருவதாக சூப்பர்வைசர் சொன்னாராம்.

மொட்டை மாடியில் துணி காயப்போடும்போது வரத்தைச் சொல்லிப் பார்க்கிறேன். கீழ் வீட்டுக்காரர்கள் எனக்குப் பேய் பிடித்துவிட்டது என்று முடிவு பண்ணிவிட்டார்கள். வாடகையைக் கூட்டிக் கேட்க மாடிக்கு வந்த வீட்டு ஓனர் பாதிப் படியிலேயே திரும்பிப் போனார். அந்தவரைக்கும் லாபம். நீ சொன்னபடி வயிற்றிலிருந்துதான் எடுக்கிறேன். கவுச்சியை அப்போதே விட்டாயிற்று.

நீ சொன்னபடியே முகத்தைத் திருப்பிக்கொள்கிறேன். சிவராத்திரி அன்றைக்குக் காலையில் சாத்தூரில் வந்து இறங்குவேன். முத்துப்பாண்டியை வண்டியோடு நிற்கச் சொல். நீ வராதே, ரோட்டில் லாரி ஹாரன் உனக்குக் கேட்காது.

மாடத்தி


வீரம்மா துணை
மேலச்சுரைப்பட்டி
27.2.2026

தங்கை மாடத்திக்கு முனியசாமி எழுதுவது. நல்லபடியாக ஊர் போய்ச் சேர்ந்திருப்பாய். மாப்பிள்ளை நடை எப்படி. நான் சுகம்.

பூசை முடிந்ததும் மாப்பிள்ளைக்கு மருந்து வேளை என்று நீ அன்றைக்கே கிளம்பிவிட்டாய். கூட்டத்தில் உன்னிடம் எதையும் கேட்க முடியவில்லை. ஒரு விஷயம் எனக்குத் தெரிய வேண்டும்.

நீ பாடியது நன்றாக இருந்திருக்க வேண்டும். சாமியாடி உடனே ஆடினார், பாண்டிமுருகன் மைக்கைத் தூக்கிக்கொண்டு கிட்டே வந்தவன் அப்படியே நின்றுவிட்டான். எல்லாப் பெயருக்கும் உன் வாயைப் பார்த்துத் தட்டினேன். இருளப்பன் அண்ணனுக்கும் தட்டினேன். பிறகு நீ முகத்தைத் திருப்பினாய். நான் பொம்பளைகள் பக்கம் பார்த்தேன். யாரும் வாயில் கை வைக்கவில்லை. முத்துமாரியம்மாள் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு நின்றாள். மற்றவர்களும் அசையவில்லை. உன் முதுகு குலுங்கியது.

உன்னாலும் முடியாமல் போய்விட்டது என்று நினைத்தேன். இத்தனை தூரம் வந்தும் பிள்ளை எல்லையிலேயே நிற்கிறாளே என்று இருந்தது. முத்துப்பாண்டி இலையை வைத்துக்கொண்டு நின்றான். அப்போது நான் சொன்னேன். வாயைத் திறந்தது தெரியும், வயிறு ஒட்டிப்போனது தெரியும். குரல் வெளியே வந்ததா இல்லையா என்று தெரியாது. பிறகு மூன்று தட்டுத் தட்டினேன், குலவைக்கு எல்லாரும் கையை எடுத்தார்கள்.

குரல் வந்ததா? முத்துப்பாண்டியிடம் சிலேட்டைக் கொடுத்துக் கேட்டேன். தலையை ஆட்டினான், எழுதவில்லை, அழுதான். எனக்காக ஆட்டினானோ என்று சந்தேகமாக இருக்கிறது. நீ பொய் சொல்லமாட்டாய். உள்ளதை எழுது.

முனியசாமி


திருப்பூர்
8.3.2026

அன்புள்ள அண்ணனுக்கு மாடத்தி எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம். மாப்பிள்ளை தெருமுனைக் கடை வரைக்கும் போய், டாக்டர் வேண்டாம் என்ற வடையைத் தின்றுவிட்டு வருகிறார்.

உள்ளதை எழுதுகிறேன். நான் கூப்பிட்டேன் அண்ணே. நீ சொன்னபடி முகத்தைத் திருப்பிக்கொண்டு, பானுப்பிரியா என்று முழுப் பெயரையும் சொல்லிக் கூப்பிட்டேன். குரல் நடுங்கியது, ஆனால் எல்லாருக்கும் கேட்டது. குலவை வரவில்லை, ஏன் என்றால் யாருக்கும் வாய் வரவில்லை. அத்தனை பேரும் அவளோடு ஒரே ரூமில் உட்கார்ந்து லேபிள் ஒட்டியவர்கள். நான் திரும்பி நின்றதால் உனக்கு ஒன்றும் தெரியவில்லை. அண்ணன் தட்டவில்லையே, அடுத்து என்ன செய்வது என்று நான் திகைத்துப்போய் நின்றேன்.

அப்போதுதான் எனக்குப் பின்னால் உன் குரல் வந்தது. கண்மாய்க் கரையில் ஆடு மேய்த்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள், அவ்வளவு குரல். நீ என்ன சொன்னாய் என்று உனக்கே தெரியாது, நான் சொல்கிறேன். "ஏத்தா பானு, வாத்தா, வந்து சாப்புடு." வரத்தில் அந்த வரி கிடையாது. அப்பாவுக்கு வந்த மாதிரி உன் வாயிலும் வந்துவிட்டது. முத்துப்பாண்டி இலையை அப்போதுதான் கீழே வைத்தான். மறுநாள் காலை வேலைக்குப் போனானாம், போன் பண்ணினான்.

மற்றவர்களை எல்லாம் ஒரு தடவை கூப்பிட்டோம், அவளை மட்டும் இரண்டு பேர் கூப்பிட்டோம். முத்துமாரியம்மாள் என்னைச் சாத்தூரில் பஸ் ஏற்றிவிட வந்தவள் என்ன சொன்னாள் தெரியுமா? "இனிமே புதுப் பேர ரெண்டு பேரு கூப்புடணும்க்கா. பொறந்த பொண்ணு ஒருக்கா, பெத்தவுக ஒருக்கா. அதான மொற?" என்றாள். அது முறையா இல்லையா என்று முறை தெரிந்தவன் நீயே சொல்.

முதல் படையல் முடிந்துவிட்டது. இனி எழுதத் தடை ஒன்றும் இல்லை.

உன் தங்கை,
மாடத்தி


வீரம்மா துணை
மேலச்சுரைப்பட்டி
19.3.2026

தங்கை மாடத்திக்கு முனியசாமி எழுதுவது. கடிதம் கிடைத்தது. மாப்பிள்ளை வடை தின்பதைத் தடுக்காதே, ஒன்றோடு நிறுத்தச் சொல். நான் சுகமாக இருக்கிறேன். வெயில் ஏறிவிட்டது.

முத்துமாரியம்மாள் கேட்டதைக் கூட்டத்தில் வைத்தேன். புதுப் பெயரை இனி இரண்டு பேர் கூப்பிடுவது என்று பேசி முடித்திருக்கிறோம். அப்படிக் கூப்பிட ஒரு பெயரும் வராமல் வருடங்கள் போகட்டும் என்று கும்பிட்டுக்கொண்டோம்.

முத்துப்பாண்டி அடுத்த வாரம் திருப்பூர் பக்கம் லோடு வண்டியில் வருகிறான். அவனிடம் ஒரு பை கொடுத்து அனுப்புகிறேன். பானு நட்ட முருங்கை காய்த்திருக்கிறது. தினமும் தண்ணீர் ஊற்றுகிறேன். இளசாகப் பார்த்துப் பறித்தது, சாம்பாரில் போடு.

முனியசாமி